சிரிப்பைக் கண்டு ஏன் இந்த நடுக்கம்?



ஓமலூரில் கிளைக் கூட்டம் முடிந்து டீக்கடையில் உட்கார்ந்திருந்தோம். இளந்தோழர் ஒருவர் கைபேசியில் ஒரு பெண்ணின் நிகழ்ச்சியைப் போட்டுக் காட்டினார். பக்கத்திலிருந்த நெசவாளித் தோழர் எட்டிப் பார்த்துவிட்டு, "நூல் விலை ஏறிக் கெடக்குது, கூலிப் பேச்சு இழுத்துக்கிட்டே கெடக்குது. இதுல சிரிப்புக்காரி கதை நமக்கெதுக்குங்க தோழர்?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். அங்கே அரைகுறையாகச் சொன்ன பதிலை இங்கே முழுசாகச் சொல்கிறேன்.

அந்தப் பெண் மும்பையைச் சேர்ந்த உரூஜ் அஷ்ஃபாக். முஸ்லிம் பெண். ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரில் 1947 முதல் ஆகஸ்டு மாதந்தோறும் நடந்துவரும் கலைவிழாவில், 2023-ல் புதியவருக்கான நகைச்சுவைப் பரிசை வென்றவர். பக்கவாத்தியம் இல்லை, ஜோடி நடிகர் இல்லை. ஒலிபெருக்கி முன் ஒற்றை ஆளாக நின்று ஒரு மணி நேரம் பேசி, முன்பின் தெரியாத ஜனங்களைச் சிரிக்க வைக்க வேண்டும். பெற்றோரின் விவாகரத்து, மனநல ஆலோசகரிடம் போய் உட்கார்ந்தது, சிறுவயது டைரி, இவைதான் அவருடைய சரக்கு.

ஒன்றை மறைப்பானேன்? இது பாட்டாளிகளின் மேடை அல்ல. பேச்சு இங்கிலீஷில். அந்த விழாவுக்குப் போகிற கலைஞர் விமானக் கட்டணம், மண்டப வாடகை, ஆகஸ்டில் எகிறுகிற அறை வாடகை எல்லாவற்றையும் தானே சுமக்க வேண்டும். கைக்காசை இழந்து திரும்புகிறவர்கள் ஏராளம். தாரமங்கலத்துத் தறிக்காரர் மகள் அங்கே போய் நிற்பது லேசில் நடக்கிற காரியமா? ஆயினும் அந்த மேடையை நாம் அலட்சியப்படுத்த முடியாது. ஏன் என்பதற்கு இன்னொரு பெண்ணின் கதையைச் சொல்ல வேண்டும்.

ஷாஜியா மிர்ஜா இங்கிலாந்தில் பர்மிங்காம் நகரில் பிறந்தவர். பெற்றோர் பாகிஸ்தானிலிருந்து குடியேறியவர்கள். பர்மிங்காம் வட்டாரம் நமக்கு அந்நியமல்ல. யுத்தத்துக்குப் பின் அங்குள்ள வார்ப்பட ஆலைகளிலும் மோட்டார் ஆலைகளிலும் வெந்து உழைத்தவர்களில் பஞ்சாபிகளும் பாகிஸ்தானிகளும் ஆயிரக்கணக்கானோர். உழைப்பு வேண்டும், ஆனால் உழைப்பவன் பக்கத்தில் உட்காரக் கூடாது! பக்கத்து ஸ்மெதிக் ஊர் மதுக்கடைகளில் நிறவெறியை எதிர்த்து இந்தியத் தொழிலாளர் சங்கம் போராடியது. 1965 பிப்ரவரியில் அமெரிக்காவின் கறுப்பினத் தலைவர் மால்கம் எக்ஸ் அங்கே வந்து அந்தக் கேவலத்தை உலகுக்குக் காட்டினார்.

அப்படிப்பட்ட நகரத்துப் பெண்ணான ஷாஜியா, மான்செஸ்டர் சர்வகலாசாலையில் உயிர்வேதியியல் படித்தார். லண்டனில் விஞ்ஞான ஆசிரியை ஆனார். பிறகு அந்த வேலையை விட்டு மேடைக்கு வந்தார். தலையில் முக்காடு. 2001 செப்டம்பர் 11-ல் நியூயார்க் கோபுரங்கள் விழுந்தன. முஸ்லிம் என்றாலே ஜனங்கள் ஒதுங்கி நின்ற நேரம் அது. அந்தப் பெண் மேடையேறித் தன் பெயரைச் சொல்லி, விமானம் ஓட்டும் லைசென்சில்கூட அதே பெயர்தான் இருக்கிறது என்கிற பொருளில் ஒரு வார்த்தை போட்டார். எதிரே இருந்தவர்களின் பயத்தையே எடுத்து அவர்கள் கையில் கொடுத்துவிட்டார்! ஒரு பொதுக்கூட்டத்தில் ஒரு மணி நேரம் முழங்கினாலும் சில சமயம் அது நடப்பதில்லை.

வெள்ளை இனவெறியருக்கு மட்டும்தானா அவர் மீது ஆத்திரம்? இல்லை. "நம்ம வீட்டுப் பெண் ஆண்கள் முன்னால் நின்று இப்படிப் பேசுவதா" என்று சொந்த சமூகத்துப் பழமைவாதிகளும் பாய்ந்தார்கள். கொலைமிரட்டலும் வந்தது. அவர் பின்வாங்கவில்லை. 2015 பிப்ரவரியில் லண்டன் பெத்னல் கிரீன் பள்ளி மாணவிகள் மூவர் சிரியாவுக்கு ஓடிப்போனபோது, அந்தச் சிறுமிகளை எது இழுத்தது என்பதையே ஒரு நிகழ்ச்சியாக்கினார்.

நம் நாட்டு லட்சணம் என்ன? 2021 ஜனவரி முதல் தேதி இந்தூரில் முனாவர் ஃபரூக்கி என்ற நகைச்சுவைக் கலைஞரின் நிகழ்ச்சிக்குள் புகுந்து தடுத்தார்கள். புகார் கொடுத்தவர் பாரதிய ஜனதா சட்டமன்ற உறுப்பினர் ஒருவரின் மகன். போலீஸ் கைது செய்தது. மத்தியப் பிரதேச ஹைகோர்ட் ஜாமீன் மறுத்தது. பிப்ரவரி 5-ல் சுப்ரீம் கோர்ட் இடைக்கால ஜாமீன் தரும்வரை ஒரு மாதத்துக்கு மேல் அவர் சிறையில் கிடந்தார். இதைப் பார்த்தபின் உரூஜ் போன்ற ஒரு முஸ்லிம் பெண் மேடையேறும் துணிச்சலை எந்தத் தராசில் நிறுப்பது?

சிரிப்புக்கு நடுங்குவது பழைய வியாதி. வெள்ளைக்காரன் 1876-ல் கொண்டுவந்த நாடகச் சட்டத்தை இந்தச் சுதந்திர நாடு 2018-ல்தான் சட்டப் புத்தகத்திலிருந்து எடுத்தது. எம்.ஆர். ராதாவின் நாடகங்களைப் பொறுக்காமல் 1954-ல் சென்னை ராஜ்யத்தில் தனிச் சட்டமே போட்டார்கள். அதன் முக்கியப் பிரிவுகள் செல்லாது என்று சென்னை ஹைகோர்ட் சொல்ல 2013 ஆயிற்று. கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனுக்குச் சரிக்குச் சரி நின்று ஜனங்களைச் சிரிக்க வைத்த டி.ஏ. மதுரத்தை நாம் போற்றுகிறோம், நியாயம்தான். ஆனால் நம் வீதியில் ஒரு பெண் வாய்விட்டுப் பேசினால்?

போன வருஷம் இந்த வட்டாரத்தில் ஒரு சர்க்கார் அலுவலக வாசலில் ரேஷன் கார்டுக்காக வரிசை நின்றது. கொலுசுக்குச் சலங்கை பற்றவைக்கிற ஒரு முஸ்லிம் சகோதரி, மூன்றாவது முறையாக அலைக்கழிக்கப்பட்டவர், "நாளைக்கு வாம்மா" என்கிற அதிகாரியை அப்படியே நடித்துக் காட்டினார். மூக்குக் கண்ணாடியைத் தூக்கிப் பார்ப்பது, இல்லாத காகிதத்தைப் புரட்டுவது, ஒன்று விடவில்லை. வரிசையே குலுங்கிச் சிரித்தது. சத்தம் கேட்டு அதிகாரி வெளியே வந்தார். அன்று மாலைக்குள் எல்லோர் மனுவும் வாங்கப்பட்டது. வீட்டிலோ அவருடைய அண்ணன், "பொம்பள நடுத்தெருவுல கூத்தடிக்கிறதா?" என்று குதித்தார். கூட்டத்துக்கு அழைக்கப் போன நம் பெண் தோழர்களை இரண்டு முறை திருப்பி அனுப்பினார். மூன்றாம் முறை அந்தச் சகோதரியே வாசலுக்கு வந்து, "வர்றேன்க்கா" என்று சொல்லிவிட்டார்.

வருகிற ஞாயிறு மாலை தெருமுனைக் கூட்டத்தில் அவர் பேசுகிறார். நெசவாளித் தோழரும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்.