எதுல இருபது பர்சென்ட்?

ஆடித் தள்ளுபடியில விளக்குத்தூண் பக்கம் ஒரு சட்டை எடுத்தேன். 20% தள்ளுபடி போக 640 ரூபாய். பழைய விலை என்னவா இருக்கும்னு கேட்டதுக்கு, கூட வந்த மாப்ளே பட்டுன்னு சொன்னான்: "640-ல இருபது பர்சென்ட் 128. கூட்டினா 768." இத்தனைக்கும் பய எம்.எஸ்சி. மேத்ஸ்! நீங்களும் மனசுக்குள்ள 768-தான் போட்டீங்களா?

கடைக்காரர் இருபதைக் கழிச்சது பழைய விலையில. நம்மாளு கூட்டினது புது விலையில. 640-ங்கிறது பழைய விலையோட 80%. அப்ப 1%-க்கு 8 ரூபாய், 100%-க்கு 800 ரூபாய். சந்தேகமா? 768-ல 20% கழிச்சுப் பாருங்க. 614 ரூபாய் 40 காசுதான் வரும்.

நம்ம வைகை அணைக்கும் இதே கணக்குதான். இருப்பு 1,523 மில்லியன் கன அடி, கொள்ளளவுல 25%னு பேப்பர்ல போட்டிருந்தா, 25%ங்கிறது கால் பங்கு. நாலால பெருக்கினா 6,092. அணையோட கொள்ளளவு 6,091. (அந்த ஒண்ணு, புள்ளிக்கு அப்புறம் வர்றதை முழுசாக்கினதால வந்தது.) ஆனா ஒரு இடத்துல வழுக்கும். அணையோட முழு நீர்மட்டம் 71 அடி. மட்டம் 35.5 அடின்னா பாதித் தண்ணி இருக்குன்னு நினைச்சுடாதீங்க. அணை அடியில குறுகல், மேலே போகப் போக அகலம். உயரத்துல பாதி இருந்தாலும் தண்ணி பாதிக்கு ரொம்பக் கீழேதான் இருக்கும்.

சட்டையும் தண்ணியும் கிடக்கட்டும். புது நத்தம் ரோட்டுல கலைஞர் நூற்றாண்டு நூலகம் இருக்குல்ல, 2023-ல திறந்தாங்களே, அங்க குரூப்-4க்குப் படிக்கிற தம்பி ஒருத்தன் மூஞ்சியைத் தொங்கப் போட்டுட்டு உட்கார்ந்திருந்தான். மாதிரித் தேர்வுல தமிழ்ப் பகுதியில 64 கேள்வி சரி. ஒண்ணுக்கு ஒன்றரை மார்க், மொத்தம் 96. "தமிழ்ல 40% எடுக்கணும்ணே. 300-க்கு 120 ஆச்சு. எனக்கு வராதுண்ணே, இந்தத் தடவை அப்ளிகேஷனே போடலை"ன்னான்.

அடப்பாவி! 300-ங்கிறது மொத்தப் பரீட்சைக்கு. தமிழ்ப் பகுதிக்கு 100 கேள்வி, 150 மார்க். அதுல 40%ன்னா 60. பய 36 மார்க் கூடவே வாங்கி வெச்சுட்டு, பெயில்னு உட்கார்ந்திருக்கான். கடைசித் தேதிக்கு இன்னும் ரெண்டு நாள் இருந்துச்சு. எழுப்பி நேரா பிரவுசிங் சென்டருக்குக் கூட்டிட்டுப் போனேன்.

இப்ப உங்க முறை. ஆரப்பாளையத்துல கிளம்பின தேனி பஸ். செக்கானூரணியில 10% பேர் இறங்கினாங்க. உசிலம்பட்டியில மிச்சத்துல பாதிப் பேர் இறங்கினாங்க. வழியில யாரும் ஏறலை. ஆண்டிபட்டிக்குப் போறப்ப பஸ்ல 27 பேர். கிளம்பும்போது எத்தனை பேர்? 'மிச்சத்துல'ங்கிற வார்த்தையைக் கொஞ்சம் கவனிச்சுக்கங்க. விடை அடுத்த வாரம்!