நாற்காலி வர பத்து ஆண்டுகள்

‘குணச்சித்திர நடிகர்’ என்று ஒரே சொல்லில் கடந்துவிடுகிறோம். அவரைக் கதை எங்கே நிற்க வைக்கிறது, எங்கே உட்கார வைக்கிறது என்பதில் சாதி இருக்கிறது. பூ ராமுவின் படங்களை வரிசையாகப் பாருங்கள், புரியும்.

வீதி நாடகத்திலிருந்து வந்தவர். 2008இல் சசியின் ‘பூ’ படத்தில் பேனாக்காரராக நடித்தார். படத்தின் பெயரே அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. மகன் படித்து உயர வேண்டுமென ஏங்கும் அப்பா. ‘நீர்ப்பறவை’யில் (2012) மீனவர். இரண்டிலும் உழைத்துக் களைத்த முகம்.

2018இல் ‘பரியேறும் பெருமாள்’. மாரி செல்வராஜ் அதே முகத்தைச் சட்டக் கல்லூரி முதல்வராக்கினார். ஒடுக்கப்பட்டவராகப் பிறந்து, படித்து அந்த இடத்துக்கு வந்தவர். அன்று தன்னை அடக்க நினைத்தவர்கள் இன்று தன் முன்னால் கைகட்டி நிற்பதைப் பரியனிடம் சொல்கிறார்.

அந்தக் காட்சியில் எனக்குத் தொண்டை அடைத்தது. முதல் தலைமுறைப் பட்டதாரி நான். ஒரு கையெழுத்துக்காக ஒரு பேராசிரியரின் அறையில் பலமுறை நின்றிருக்கிறேன். எதிரே காலி நாற்காலி இருக்கும், உட்காரச் சொன்னதில்லை. கூட வந்த இன்னொரு மாணவரிடம் ஊர், தெரு விசாரித்து உட்கார வைத்தார்.

பிறகு ‘சூரரைப் போற்று’, ‘கர்ணன்’ என்று நடித்தவர், 2022 ஜூனில் மறைந்தார்.

ராமுவின் நடிப்பு 2008லேயே முழுமையாக இருந்தது. அந்த நாற்காலி வர பத்து ஆண்டுகள் ஆயின. கதை எழுதும் இடத்துக்கு நம்மவர்கள் வந்த பிறகே அது வந்தது. பல்கலைக்கழக அறைகளில் அது எப்போது வரும்?