கட்சிக்காரர் நீதிபதி ஆகலாமா?

நேற்று வரை கட்சிக் கொடி பிடித்தவர் இன்று நீதிபதி நாற்காலியில் உட்கார்ந்தால் நியாயம் கிடைக்குமா? 2023 பிப்ரவரியில், பா.ஜ.க. மகளிரணியில் இருந்த விக்டோரியா கௌரி சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக நியமிக்கப்பட்டபோது இந்தக் கேள்வி பெரிதாகக் கிளம்பியது. உச்ச நீதிமன்றம் வரை போய், மனுக்கள் தள்ளுபடி ஆயின. எங்கள் வகுப்பிலும் பாதிப் பேருக்கு ஒரே பதில்தான்: "கூடவே கூடாது." எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

இங்கிலாந்தில் இது ஒரு காலத்தில் ராஜபாட்டை. பாரிஸ்டர், பிறகு எம்.பி., பிறகு அட்டர்னி ஜெனரல், கடைசியில் தலைமை நீதிபதி. ரூஃபஸ் ஐசக்ஸ் அப்படித்தான் 1913இல் தலைமை நீதிபதி ஆனார். அதற்குச் சற்று முன்புதான் மார்க்கோனி பங்கு விவகாரத்தில் அவர் பெயர் நாறியிருந்தது! பிற்பாடு ரீடிங் பிரபு என்ற பெயரில் நமக்கே வைஸ்ராயாக வந்தார். ஆக, பயப்படுகிறவர்கள் சும்மா பயப்படவில்லை.

சரி, நம்ம ஊர்க் கதைக்கு வருவோம். வி.ஆர். கிருஷ்ணய்யர். பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பம். லண்டன் பாரிஸ்டர் எல்லாம் இல்லை, சென்னை சட்டக் கல்லூரிதான். அதற்கு முன் சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகம். அப்போது சிதம்பரமும் நம்ம கள்ளக்குறிச்சியும் ஒரே தென்னாற்காடு மாவட்டம். (பெருமைப்பட ஒரு சாக்கு கிடைத்தால் விடுவோமா!) தலச்சேரியில் வக்கீல் தொழில். கம்யூனிஸ்ட்டுகளுக்கு வாதாடினார் என்று 1948இல் ஒரு மாதம் உள்ளே தள்ளினார்கள். 1952இல் சென்னை சட்டசபை உறுப்பினர், 1957இல் நம்பூதிரிபாட் அமைச்சரவையில் சட்டம், உள்துறை, சிறை, மின்சாரம், பாசனம் என்று ஏகப்பட்ட இலாகா. 1968இல் கேரள உயர் நீதிமன்றம், 1973இல் உச்ச நீதிமன்றம். 'கம்யூனிஸ்ட் மந்திரியா ஜட்ஜ்?' என்று பம்பாய் வக்கீல்கள் கொதித்தார்கள்.

அவரை நியமித்தது இந்திரா அரசு. 1975 ஜூனில் அதே இந்திராவின் தேர்தல் வழக்கு விடுமுறைக்கால நீதிபதியான அவர் முன் வந்தது. அதற்கு முன்பே சட்ட அமைச்சர் கோகலே நேரில் பார்க்க வேண்டும் என்று போன் செய்ய, மனுவைப் பதிவாளரிடம் கொடுங்கள் என்று சொல்லிவிட்டார். ஜூன் 24 அன்று கிடைத்தது நிபந்தனைத் தடைதான்: பிரதமராகத் தொடரலாம், சபையில் ஓட்டுப் போடக் கூடாது. மறுநாள் எமர்ஜென்சி. முழுத் தடை கொடுத்திருந்தால், கொடுக்காமலே இருந்திருந்தால் என்று இரண்டு பக்கமும் இன்றைக்கும் திட்டுகிறார்கள். எனக்கு அதுவே நல்ல சான்றிதழாகப் படுகிறது.

ஆனால் என் வாதம் அவர் நடுநிலையாக இருந்தார் என்பது மட்டும் இல்லை. அரசியல் அவருக்குக் கற்றுக் கொடுத்தது என்பதுதான். திகார் சிறையில் வார்டன் ஒரு கைதியைச் சித்திரவதை செய்ததை சுனில் பத்ரா என்ற இன்னொரு கைதி கடிதமாக எழுத, அந்தக் கடிதமே ரிட் மனு ஆனது. சிறைக்குள் இருந்தும், சிறைத்துறை அமைச்சராக இருந்தும் பார்த்தவருக்கு அந்தக் கடிதம் எப்படிப் படித்திருக்கும்! 1980இல் ரத்லம் நகராட்சி வழக்கு. சாக்கடை இல்லை, கழிப்பறை இல்லை, பக்கத்து ஆல்கஹால் ஆலைக் கழிவு தெருவில் ஓடுகிறது. நகராட்சி சொன்ன பதில்: காசு இல்லை. அந்தச் சாக்கே எடுபடாது என்று எழுதினார். பட்ஜெட் போட்ட அமைச்சரவையில் உட்கார்ந்தவருக்குத்தான் 'நிதி இல்லை' என்பதன் உண்மையான அர்த்தம் தெரியும். (அவருடைய ஆங்கிலத்துக்கு அகராதி தேவை என்பது வேறு விஷயம்.)

இது நமக்கு எதற்கு என்கிறீர்களா? 2024 ஜூனில் கருணாபுரத்தில் விஷச்சாராயம் குடித்து அறுபதுக்கும் மேற்பட்டோர் செத்தார்கள். அதன் பிறகுதான் சென்னை உயர் நீதிமன்றம் கல்வராயன்மலை மக்களின் நிலையைத் தானாகவே வழக்காக எடுத்து, சாலை, மருத்துவம், பள்ளி எல்லாம் எங்கே என்று அரசைக் கேட்டது. ஜாகிர்தார்களிடமிருந்து மலை அரசின் கைக்கு வந்ததே 1976இல்தான். வெள்ளிமலைக்கு அப்பால் இருக்கும் ஒரு மலைக் கிராமத்துக்காரர் சென்னைக்குப் போய் வக்கீல் வைக்க முடியுமா? முடியாதவர்களுக்காக நீதிமன்றம் தானே இறங்கி வரலாம் என்ற வழியை உண்டாக்கியவர்களில் இந்தப் பழைய மந்திரியும் ஒருவர்.

நெல்லை தி.மு.க. மாவட்டச் செயலாளராக இருந்த ரத்தினவேல் பாண்டியன் பிற்பாடு மண்டல் வழக்கை விசாரித்த அமர்வில் இருந்தார். அதுவும் நினைவில் இருக்கட்டும்.

அதற்காக எல்லாக் கட்சிக்காரர்களையும் அனுப்பலாம் என்று சொல்லவில்லை. கட்சி, தேர்தல் வழக்குகளிலிருந்து அவர்கள் விலகியிருக்க வேண்டும். எனக்கு உண்மையில் உறுத்துவது எதிர்த் திசைப் பயணம். கிருஷ்ணய்யர் 1980இல் ஓய்வு பெற்று, ஏழு வருஷம் கழித்து எதிர்க்கட்சிகளின் ஜனாதிபதி வேட்பாளராக நின்றார், தோற்றார். சதாசிவம் 2014 ஏப்ரலில் ஓய்வு பெற்று செப்டம்பரில் கேரள ஆளுநர். கோகாய் 2019 நவம்பரில் ஓய்வு, 2020 மார்ச்சில் ராஜ்யசபா. உள்ளே வருகிறவரின் பழைய கொடி நம் கண்ணுக்குத் தெரிகிறது. வெளியே போகப் போகிறவர் தீர்ப்பு எழுதும்போது எதை நினைத்துக்கொண்டு எழுதுகிறார் என்று யாருக்குத் தெரியும்?