கெட்டுப் போகவில்லை, பாஷைதான் வேறு!

பரீட்சையில் நன்றாகத் தேறிய குழந்தைக்குக் கம்ப்யூட்டரில் விளையாட ஒரு 'கேம்பேட்' வாங்கித் தருகிறீர்கள். பேர் பெற்ற கம்பெனியின் சரக்கல்ல. நம் பர்ஸுக்குத் தகுந்தது. குழந்தை ஆசையோடு அதைச் சொருகிப் பொத்தானை அழுத்து அழுத்தென்று அழுத்துகிறது. திரையில் நிற்கும் கார் அசைந்தால்தானே! "மட்டச் சரக்கு, காசு தண்டம்!" என்று வீட்டுக்காரர் தீர்ப்பளித்து விடுகிறார். குழந்தையின் முகம் சுண்டிப் போகிறது.

கொஞ்சம் பொறுங்கள், அம்மா! அதைக் குப்பையில் போட்டுவிட்டு, பல மடங்கு விலையில் வேறொன்று வாங்க அவசரப்படாதீர்கள். பெரும்பாலும் அது கெட்டுப் போயிருக்காது. அது பேசும் பாஷை வேறு, விளையாட்டுக்குத் தெரிந்த பாஷை வேறு. அவ்வளவுதான் சங்கதி.

விண்டோஸ் கம்ப்யூட்டரில் 1990-களில் வந்த பாஷை 'டைரக்ட்இன்புட்.' அதில் பொத்தான்களுக்கு நம்பர்தான் உண்டு. ஒரு கம்பெனிக்கு ஒன்றாம் நம்பராக இருக்கும் பொத்தான் இன்னொரு கம்பெனிக்கு மூன்றாம் நம்பராக இருக்கும். 2005-ல் மைக்ரோஸாப்ட் கம்பெனி எக்ஸ்பாக்ஸ் 360 கருவியைக் கொண்டு வந்தபோது, 'எக்ஸ்இன்புட்' என்ற புதுப் பாஷையையும் வகுத்தது. எந்தப் பொத்தான் எங்கே என்பது அதில் திட்டவட்டம். சௌகரியமாக இருக்கவே, விளையாட்டுகளைத் தயாரிக்கும் பலர் பழைய பாஷையைக் கைவிட்டார்கள்.

இரு பாஷைக்காரர்கள் சந்தித்தால் நடுவே ஒரு துபாஷி வேண்டாமா? அந்த வேலையைச் செய்யும் மென்பொருள்கள் இருக்கின்றன. 'எக்ஸ்360சிஈ' என்பது அவற்றில் பிரபலமானது, இலவசமாகவே கிடைக்கிறது. நம் கேம்பேட் சொல்வதை வாங்கி, எக்ஸ்பாக்ஸ் கேம்பேட் சொன்ன மாதிரியே விளையாட்டிடம் ஒப்பிக்கிறது.

ஆனால் முதலிலேயே அதைத் தேடிப் போக வேண்டியதில்லை. விண்டோஸில் 'கேம் கண்ட்ரோலர்ஸ்' என்ற பகுதியைத் திறந்து பொத்தான்களை அழுத்திப் பாருங்கள். திரையில் விளக்குகள் மின்னினால் கருவி சௌக்கியமாக இருக்கிறது என்று அர்த்தம். சில கேம்பேட்களில் பாஷையை மாற்றவே ஒரு சுவிட்ச் உண்டு. அதைத் தள்ளினால் போதும். 'ஸ்டீம்' கடையில் வாங்கிய விளையாட்டானால், ஸ்டீமின் அமைப்புகளிலேயே துபாஷி வசதி இருக்கிறது. இவை பலிக்காவிட்டால்தான் எக்ஸ்360சிஈ. எந்தப் பொத்தான் எதற்கு என்று ஒரு முறை சொல்லிக் கொடுத்துவிட்டால் அது நினைவில் வைத்துக்கொள்ளும். சொல்லிக் கொடுக்கும் வேலையைக் குழந்தையிடமே விட்டுப் பாருங்கள். பத்து நிமிஷத்தில் முடித்து விடும்!

இரண்டு எச்சரிக்கைகள். மென்பொருளை அதன் சொந்தத் தளத்திலிருந்தே எடுக்க வேண்டும். கண்ட இடத்தில் எடுத்தால் வைரஸும் கூடவே வரலாம். பலர் சேர்ந்து இணையத்தில் ஆடும் சில விளையாட்டுகள், இத்தகைய துபாஷியைப் பார்த்ததும் ஏமாற்று வேலை என்று சந்தேகித்துக் கதவைச் சாத்தக் கூடும். அங்கே உபயோகிக்க வேண்டாம்.

துபாஷியால் ஆகாததும் ஒன்று உண்டு. மலிவான கேம்பேட் பலவற்றில் விசைப்பொத்தான் அழுத்தினால் முழு வேகம், விட்டால் ஒன்றுமில்லை. காரை மெள்ள ஓட்ட வகையில்லை. பாஷையை மாற்றலாம், இல்லாத சரக்கை எங்கிருந்து கொண்டு வருவது? அந்த நயம் அவசியம் வேண்டுமென்றால் மட்டும் விலை கூடியதை வாங்குங்கள். வேண்டாமென்றால், அந்தப் பணம் உங்கள் அஞ்சறைப் பெட்டியிலேயே பத்திரமாக இருக்கட்டும்!