தலையாட்டாத இசையமைப்பாளர்

'சைக்கோ' (1960) என்றாலே காதில் கேட்பது குளியலறைக் கொலையின் வயலின் கிறீச்சல்தான். அந்தக் காட்சிக்கு இசையே வேண்டாம் என்றுதான் ஹிட்ச்காக் சொல்லியிருந்தார். பெர்னார்ட் ஹெர்மன் கேட்கவில்லை; போட்டுக் காட்டினார். டைரக்டர் மனம் மாறினார்.

1966ல் 'டார்ன் கர்ட்டன்'. ஸ்டூடியோவுக்கு ரிக்கார்டு விற்கிற மாதிரி இசை வேண்டுமாம். ஹெர்மன் வழக்கம்போல் தன் பாணியிலேயே போட்டார். ஒலிப்பதிவின் பாதியில் கூட்டணி முறிந்தது. ஜான் அடிசன் வந்தார். அவர் போட்ட இசை இன்று எத்தனை பேருக்கு ஞாபகம்?

பிடிவாதக்காரர் என்பார்கள். இருக்கட்டுமே! தலையாட்டியிருந்தால் அந்தக் கிறீச்சலே கிடைத்திருக்காது. 1975 டிசம்பரில் 'டாக்ஸி டிரைவர்' ஒலிப்பதிவை முடித்த சில மணி நேரத்தில் இறந்தார். கடைசிவரை அவர் இசை அவருடையதாகவே இருந்தது. விற்பனைக் கணக்கில் இதற்குப் பத்தியே கிடையாது.