கார்ட்டூன் பார்த்துச் சிரிச்சீங்களே... அந்த ஜோக்கை எழுதினது யாரு?

சுட்டி டிவியில 'ஜாக்கிசான் சாகசங்கள்' பார்த்து வளர்ந்த செட் நாம. அதுல வர்ற மாமாவோட தமிழ்க் குரல் இன்னும் பலருக்குக் காதுல ஓடும். ஆனா அந்த வசனத்தைத் தமிழ்ல எழுதினவர் பெயரைச் சொல்லுங்கன்னா முழிப்போம்.

இதை இப்போ பேசக் காரணம் இருக்கு. மதுரையில பிளஸ் டூ முடிச்சிட்டு 'அனிமேஷன் படிக்கப் போறேன்'னு வீட்டுல சண்டை போடுற பசங்க நிறைய. கோர்ஸ் விளம்பரங்கள்ல முதல்ல கண்ணில் படுறது சாஃப்ட்வேர் பெயர்தான். சிரிக்க வைக்க யார் சொல்லிக் கொடுப்பாங்க?

இந்திய அனிமேஷனின் தந்தை எனப்படும் ராம் மோகன் சாஃப்ட்வேர் காலத்துக்கு முந்தைய ஆள். மெட்ராஸ் பல்கலைக்கழகத்தில் கெமிஸ்ட்ரி படிச்சவர். மேற்படிப்புக்காக பம்பாய் போய், அதைப் பாதியில் விட்டுட்டு 1956-ல் ஃபிலிம்ஸ் டிவிஷனின் கார்ட்டூன் பிரிவில் சேர்ந்தார். பயிற்சி கொடுத்தவர் டிஸ்னியில் வேலை பார்த்த கிளேர் வீக்ஸ். 1972-ல் சொந்த ஸ்டூடியோ, அதே ஆண்டு 'யூ செட் இட்' படத்துக்கு தேசிய விருது, 2014-ல் பத்மஸ்ரீ.

விருதுகளை விட எனக்குப் பிடிச்சது வேற. சத்யஜித் ரேயின் 'ஷத்ரஞ்ச் கே கிலாடி' (1977) படத்தில் ராம் மோகன் செஞ்ச ஒரு சின்ன அனிமேஷன் வரும். அதுல ஒவ்வொரு சமஸ்தானமும் ஒரு செர்ரிப் பழம். கவர்னர் ஜெனரல் டல்ஹௌசி ஒவ்வொண்ணா எடுத்து வாயில போட்டுக்குவார். ஸ்கூல்ல பக்கம் பக்கமா மனப்பாடம் பண்ணின நாடு பிடிக்கும் கொள்கை, இங்க ஒரே ஜோக். வரையத் தெரிஞ்சா மட்டும் இது வராது. யோசிக்கணும், எழுதணும்.

அனிமேஷன்ல காமெடி ஏன் தனி வேலை? நம்ம மதுரைக்காரர் வடிவேலுவையே எடுத்துக்கோங்க. டயலாக்குக்கு முன்னாடி ஒரு முழி முழிப்பார் பாருங்க, பாதி சிரிப்பு அங்கேயே வந்துடும். சினிமாவுல அதை நாலு டேக் எடுத்து, எடிட்டிங்ல நல்லதைத் தேர்ந்தெடுக்கலாம். அனிமேஷன்ல அந்த வசதி கிடையாது. ஒரு நொடிக்கு 24 ஃபிரேம்னா, அரை நொடி முழிக்க 12 ஃபிரேம். அதை ஸ்டோரிபோர்டு கட்டத்திலேயே முடிவு பண்ணணும். பொதுவா குரலையும் முதல்லயே பதிவு பண்ணிட்டு, அதுக்கு ஏத்த மாதிரிதான் வாயசைவை வரைவாங்க. டப்பிங்ல எல்லாம் தலைகீழ்: யாரோ வரைஞ்ச வாயசைவுக்கு நம்ம ஜோக்கை அடக்கணும். மாமாவுக்குத் தமிழ் எழுதினவரோட கஷ்டம் இப்போ புரியுதா?

நம்மகிட்ட திறமைக்குப் பஞ்சமில்ல. ஆனந்த விகடனில் கார்ட்டூனிஸ்டா இருந்தவர் சிம்புதேவன். 2006-ல் வடிவேலுவை வெச்சு 'இம்சை அரசன் 23ம் புலிகேசி' எடுத்தார். ஃபிரேமுக்கு ஃபிரேம் கார்ட்டூன் வாசனை அடிக்கிற படம். படம் வரையத் தெரிஞ்ச, காமெடி எழுதத் தெரிஞ்ச ஒருத்தருக்கு நம்ம ஊர்ல திறந்திருந்த கதவு சினிமாதான். அடுத்த ஆண்டே இளையராஜா இசையில் 'இனிமே நாங்கதான்' 3டி அனிமேஷன் படம் வந்தது. அதுக்கப்புறம் அந்தப் பாதையில பெரிய கூட்டம் சேரல.

2022 மத்திய பட்ஜெட்டில் அனிமேஷன், விஎஃப்எக்ஸ், கேமிங் துறைக்குத் தனிக் குழு அறிவிச்சாங்க. நல்லதுதான். ஆனா வெளிநாட்டுக் கதைக்கு ஃபிரேம் போட்டுக் கொடுக்கிற வேலையே பெருகினா, அடுத்த தலைமுறையும் டப்பிங் ஜோக்குக்குத்தான் சிரிக்கும். கல்லூரிகள் ஒரு செமஸ்டராவது ஸ்டோரிபோர்டுக்கும் காமெடி எழுத்துக்கும் ஒதுக்கட்டும். சேனல்கள் டப்பிங் எழுத்தாளர் பெயரைத் திரையில் போடட்டும்.

கோர்ஸ்ல சேரப் போறீங்களா? ஃபீஸ் கட்டுறதுக்கு முன்னாடி, 'ஸ்டோரிபோர்டு யார் எடுக்கிறாங்க, எத்தனை வாரம்?'னு கேளுங்க.