ஆடி முடித்தவர்களின் அறிவு எங்கே போகிறது?

"விளையாடி என்ன செய்யப் போகிறாய்?" என்ற கேள்வி கேட்கப்படாத வீடு நம் ஊர்களில் இருக்காது. சாதாரண தரம் வரை பொறுத்துக்கொள்வார்கள். உயர்தர வகுப்பில் காலடி வைத்ததும் கேள்வி தீர்ப்பாக மாறிவிடும். காலணியும் விளையாட்டுச் சீருடையும் அலுமாரியின் அடித்தட்டுக்குப் போய்விடும். இதற்குப் பின்னால் ஒரு கணக்கு இருக்கிறது. ஒரு பெண் எவ்வளவுதான் நன்றாக விளையாடினாலும் முப்பது வயதோடு அது முடிந்துபோகும், அதன் பிறகு கையில் எதுவும் மிஞ்சாது என்பதே அந்தக் கணக்கு. அது பிழையான கணக்கு என்பது என் அபிப்பிராயம். ஸ்பெய்ன் நாட்டு டென்னிஸ் வீராங்கனை கொன்சிட்டா மார்ட்டினெஸின் வாழ்க்கையை வைத்து அதை விளக்க விரும்புகிறேன்.

மார்ட்டினெஸ் 1972ஆம் ஆண்டு மொன்சோன் என்ற சிறிய நகரில் பிறந்தவர். 1994இல் அவருக்கு 22 வயதாக இருந்தபோது விம்பிள்டன் இறுதிப் போட்டிக்கு வந்தார். எதிரே நின்றவர் மார்ட்டினா நவ்ரத்திலோவா. ஏற்கனவே ஒன்பது தடவை விம்பிள்டன் சம்பியனானவர், வயது 37. அவர் பத்தாவது தடவையும் வென்று விடைபெற வேண்டும் என்பதே அரங்கில் இருந்த பெரும்பாலானோரின் ஆசை. நவ்ரத்திலோவா எப்போதும் வலையை நோக்கி ஓடிவந்து அடிப்பவர். மார்ட்டினெஸோ களிமண் தரையில் வளர்ந்த, பின்னால் நின்று பொறுமையாக ஆடும் வீராங்கனை. வலைக்கு வந்தவரைத் தாண்டிப் பந்தை அனுப்பியே 6-4, 3-6, 6-3 என்று வென்றார். விம்பிள்டன் ஒற்றையரில் வென்ற முதலாவது ஸ்பானியப் பெண் அவர்தான். ஆனாலும் அன்றைய தினத்தைப் பற்றிப் பேசுவோர் இன்றுவரை நவ்ரத்திலோவாவின் விடைபெறலைத்தான் அதிகம் பேசுகிறார்கள்.

அவருடைய முழு விளையாட்டு வாழ்க்கையுமே ஏறக்குறைய இப்படித்தான். 33 ஒற்றையர் பட்டங்கள் வென்றார். 1995இல் உலகத் தரவரிசையில் 2ஆம் இடத்துக்கு உயர்ந்தார். 1ஆம் இடம் ஒருபோதும் கிடைக்கவில்லை. 1998இல் அவுஸ்திரேலிய பகிரங்கப் போட்டியிலும் 2000இல் பிரெஞ்சு பகிரங்கப் போட்டியிலும் இறுதி வரை வந்து தோற்றார். அதே காலத்தில் அதே நாட்டிலிருந்து வந்த அரன்சா சான்செஸ் விகாரியோ நான்கு கிராண்ட்ஸ்லாம் ஒற்றையர் பட்டங்களோடு உலகின் முதல்நிலை வீராங்கனையாகவும் இருந்தார். எவ்வளவு புள்ளி எடுத்தாலும் வகுப்பில் இரண்டாம் பிள்ளையாகவே வருபவர்களுக்கு இந்த நிலைமை நன்றாக விளங்கும். 2006இல் மார்ட்டினெஸ் ஓய்வுபெற்றார். நம் வீட்டுக் கணக்கின்படி கதை இத்தோடு முடிந்திருக்க வேண்டும்.

முடியவில்லை. 2013இல் ஸ்பெய்ன் மகளிர் அணியின் தலைமைப் பொறுப்பு அவரிடம் வந்தது. டென்னிஸில் நாடுகளுக்கு இடையிலான போட்டிகளில் 'கெப்டன்' என்பவர் விளையாடுவதில்லை. மைதானத்தின் ஓரத்தில் அமர்ந்து ஆலோசனை சொல்பவர், யார் ஆடுவது என்று தீர்மானிப்பவர்.

அடுத்த ஆண்டு நடந்தது அவரைப் பற்றிய சம்பவம் அல்ல. ஆனாலும் அதைச் சொல்லாமல் மேலே போக முடியாது. 2014 செப்டெம்பரில் ஸ்பெய்ன் ஆண்கள் அணிக்கு, அதாவது டேவிஸ் கிண்ண அணிக்கு, காலா லெயோன் என்ற முன்னாள் வீராங்கனை தலைவராக நியமிக்கப்பட்டார். பெரும் எதிர்ப்பு எழுந்தது. அவருக்கு ஆண்கள் டென்னிஸில் பரிச்சயம் போதாது என்று சிலர் சொன்னார்கள். அது விவாதிக்கக்கூடிய காரணம். ரஃபேல் நடாலின் தந்தையுடைய சகோதரரும் அவருடைய பயிற்றுவிப்பாளருமான டோனி நடால் எழுப்பிய காரணங்களில் ஒன்று வேறு: வீரர்கள் உடைமாற்றும் அறையில் அதிக நேரம் இருப்பார்கள், அங்கே ஒரு பெண் இருப்பது சங்கடமாகாதா என்பது. காலா லெயோன் ஒரு போட்டியைக்கூட வழிநடத்தாமலேயே 2015இல் பதவி இழந்தார்.

உடைமாற்றும் அறை என்ற இந்தக் காரணத்தை ஓர் ஐரோப்பியர் சொன்னது எனக்கு வியப்பாக இருந்தது. ஆண், பெண் இடங்களைப் பிரித்து வைப்பது நாம்தான் என்றல்லவா உலகம் பேசுகிறது! வெட்கமும் ஒழுங்கும் பேணப்பட வேண்டும் என்பதில் எனக்கு மறுப்பே இல்லை. ஆனால் அந்தக் காரணம் ஒரு பக்கம் மட்டுமே பாரமாவது ஏன்? பெண்கள் டென்னிஸின் மிகப் பெரிய வீராங்கனைகள் பலருக்கு ஆண்களே பயிற்சி கொடுத்தார்கள். அவர்களிடம் யாரும் உடைமாற்றும் அறையைப் பற்றிக் கேட்கவில்லை. அவர்கள் வெளியே பேசினார்கள், மைதானத்தில் பேசினார்கள், வேலை நடந்தது. ஒரு பெண்ணாலும் அப்படிச் செய்ய முடியும். இது நமக்குப் புதிதும் அல்ல. அன்னை ஆயிஷா (ரழி) அவர்கள் இரண்டாயிரத்துக்கும் அதிகமான ஹதீஸ்களை அறிவித்தவர்கள். திரைக்கு அப்பால் இருந்தபடியே ஆண்களுக்கும் மார்க்கம் கற்பித்தார்கள். ஒழுங்கு பேணப்பட்டது, அறிவும் போய்ச் சேர்ந்தது. அந்த வரலாற்றை மத்ரஸாவில் படித்த நாம், உடைமாற்றும் அறையைக் காட்டி ஒரு பெண்ணின் அறிவை நிராகரிப்பதை நம்பவே கூடாது.

காலா லெயோனுக்குப் பதிலாக வந்தவர்தான் மார்ட்டினெஸ். பெண்கள் அணி, ஆண்கள் அணி இரண்டுக்கும் அவரே தலைவரானார். ஆண்கள் அணியுடன் அவருடைய முதல் போட்டி ரஷ்யாவுக்கு எதிராக நடந்தது. ஸ்பெய்ன் 3-2 என்று தோற்றது. ஆனாலும் அவர் தொடர்ந்தார்.

பிறகு 2017 விம்பிள்டன். கார்பின் முகுருசா என்ற ஸ்பானிய வீராங்கனையின் வழமையான பயிற்றுவிப்பாளர் மனைவியின் பிரசவத்துக்காக வீட்டில் நின்றுவிட, அந்த இரண்டு வாரங்களுக்கு மார்ட்டினெஸ் துணைக்குப் போனார். இறுதிப் போட்டியில் முகுருசாவை எதிர்கொண்டவர் வீனஸ் வில்லியம்ஸ். ஐந்து தடவை சம்பியன், வயது 37! இருபத்து மூன்று ஆண்டுகளுக்கு முன் மார்ட்டினெஸ் நின்ற அதே மைதானம், அதே வயதுடைய ஒரு ஜாம்பவான், அதேபோல மூத்தவரின் பக்கம் சாயும் அரங்கம். அந்த இடத்தில் நின்று வென்ற அனுபவம் உலகில் எத்தனை பயிற்றுவிப்பாளர்களுக்கு இருந்திருக்கும்? முகுருசா 7-5, 6-0 என்று வென்றார். மார்ட்டினெஸுக்குப் பிறகு விம்பிள்டன் ஒற்றையரை வென்ற முதலாவது ஸ்பானியப் பெண் இவர்தான்.

இங்கே ஒரு விடயத்தைக் கவனிக்க வேண்டும். அந்தக் காலத்தில் கிராண்ட்ஸ்லாம் போட்டி நடந்துகொண்டிருக்கும்போது பயிற்றுவிப்பாளர் வாய் திறக்கக் கூடாது. சைகை காட்டினாலும் குற்றம். (2022 அமெரிக்க பகிரங்கப் போட்டியில்தான் இந்த விதி தளர்ந்தது.) ஆகவே பார்வையாளர் வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு இருப்பதைத் தவிர அவரால் வேறெதுவும் செய்ய முடியாது. சொல்லிக்கொடுத்தது பிள்ளையின் தலைக்குள் இருந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. பரீட்சை மண்டபத்தின் வாசலில் நிற்கும் உம்மாமாரை நினைத்துப் பாருங்கள்.

இவ்வளவும் செய்தவருக்கு என்ன கிடைத்தது? விம்பிள்டன் முடிந்து இரண்டே மாதங்களில், 2017 செப்டெம்பரில், இரண்டு அணிகளின் தலைமையிலிருந்தும் அவர் நீக்கப்பட்டார். அந்த ஆண்டு நாடுகளுக்கு இடையிலான போட்டிகளில் ஸ்பெய்ன் தோற்றிருந்தது உண்மைதான். பயிற்றுவிப்பாளர் தொழிலில் நன்றி நிலைப்பதில்லை என்பதும் உண்மைதான்.

அதன் பின் கரோலினா பிளிஸ்கோவாவுடன் பணிபுரிந்தார். மீண்டும் முகுருசாவுடன் சேர்ந்து 2020 அவுஸ்திரேலிய பகிரங்க இறுதி வரை சென்றார். 2024 ஏப்ரலில் ரஷ்யாவைச் சேர்ந்த மிர்ரா அந்திரேயேவாவுக்குப் பயிற்சி அளிக்கத் தொடங்கினார். அந்திரேயேவா பிறந்தது 2007இல். ஆசிரியைக்கும் மாணவிக்கும் முப்பத்தைந்து வயது வித்தியாசம். அந்த ஆண்டே பிரெஞ்சு பகிரங்கப் போட்டியில் அரையிறுதி. 2025 பெப்ரவரியில் டுபாய் பட்டம். மார்ச்சில் இந்தியன் வெல்ஸ் இறுதியில் உலகின் முதல்நிலை வீராங்கனை சபலென்காவை 2-6, 6-4, 6-3 என்று வென்று இன்னொரு பட்டம். அப்போது அந்திரேயேவாவுக்கு என் வயது, 17. டுபாயில் கிண்ணத்தைப் பெற்றபோது எல்லோருக்கும் நன்றி சொல்லிவிட்டுத் தனக்கும் நன்றி சொல்லிக்கொண்டார். நம் வீடுகளில் அப்படிப் பேசினால் தலைக்கனம் பிடித்தவள் என்ற பெயர் கிடைக்கும். எனக்கென்னவோ அந்தப் பேச்சு பிடித்திருந்தது. தோற்றதற்குத் தன்னைத் திட்டிக்கொள்ளும் ஒருத்திக்கு, வென்றதற்கு நன்றி சொல்லவும் உரிமை இருக்கிறது.

நன்றாக ஆடியவர்கள் எல்லோரும் நன்றாகக் கற்பிப்பார்கள் என்று நான் சொல்லவில்லை. கணிதத்தில் ஏ எடுத்த ராத்தாவிடம் ஒரு கணக்கைக் கேட்டுவிட்டு, இருந்த விளக்கமும் போய்த் திரும்பியவர்கள் இதை ஒத்துக்கொள்வார்கள். மார்ட்டினெஸின் பலம் அவர் இரண்டாம் இடத்தில் நின்றதில்தான் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. எப்போதும் வென்றவருக்குத் தோல்வியைப் பற்றிச் சொல்ல அதிகம் இருக்காது. இரண்டு இறுதிப் போட்டிகளில் தோற்றவருக்கு, முதல் செட்டை 2-6 என்று இழந்த பிள்ளையிடம் என்ன பேசுவது, எதைப் பேசாமல் விடுவது என்று தெரியும்.

இனி நம் பக்கம் வருவோம். பெரிய பிள்ளைகளாகிய நாங்கள் விளையாட்டை விடுவதற்குப் படிப்பு மட்டும் காரணம் அல்ல. பயிற்சி கொடுப்பவர் ஆண் என்பதும், பயிற்சி மாலை ஆறு மணி வரை நீள்கிறது என்பதும், வெளியூர்ப் போட்டிக்குக் கூட்டிப்போக ஒரு பெண் இல்லை என்பதும் காரணங்கள். வாப்பாமாரைக் குறை சொல்ல நான் வரவில்லை. அவர்களுடைய தயக்கம் எனக்கு விளங்குகிறது. ஆனால் அந்தத் தயக்கத்துக்கு மருந்து பெண் பயிற்றுவிப்பாளர்கள்தான். அவர்கள் எங்கிருந்து வருவார்கள்? இன்றைக்கு ஆடும் பிள்ளைகளிலிருந்துதானே வர வேண்டும். பதினாறு வயதில் எல்லோரையும் நிறுத்திவிட்டு, "பெண் பயிற்றுவிப்பாளர் இல்லையே" என்று கவலைப்படுவது எந்த வகை நியாயம்?

வருமானத்தைப் பற்றிப் பெற்றோர் கேட்பார்கள். விம்பிள்டன் பணம் இங்கே கிடைக்காது. ஆனால் பெண் பிள்ளைக்கு ஆசிரியத் தொழில் நல்லது என்று சொல்லாத குடும்பம் நம்மிடையே உண்டா? தேசிய கல்வியியற் கல்லூரிகளில் உடற்கல்விக்கும் பயிற்சி இருக்கிறது. சப்ரகமுவ பல்கலைக்கழகத்தில் உடற்கல்வியில் பட்டமே பெறலாம். இஸட் புள்ளியைப் பற்றிப் பேசும் கூட்டங்களில் இவற்றையும் ஒரு பத்து நிமிடம் பேசினால் என்ன?

அதற்கு முன்னர் செலவில்லாத ஒரு வேலையும் இருக்கிறது. நம் கல்லூரியின் வலைப்பந்தாட்ட அணியில் ஆடிய பழைய மாணவிகள் பலர் இந்த ஊரிலேயே இருக்கிறார்கள். சிலர் பிள்ளைகளை இதே பாடசாலைக்குக் கூட்டிவந்து விடுகிறார்கள். பந்தை எந்த உயரத்தில் பிடிக்க வேண்டும், கோல் வட்டத்துக்குள் எப்போது நுழைய வேண்டும் என்று அவர்களுக்கு இன்னும் ஞாபகம் இருக்கும். வாரத்தில் ஒரு நாள், அஸருக்குப் பின் ஒரு மணித்தியாலம் வர முடியுமா என்று கேட்டு அவர்களுக்குக் கடிதம் எழுதலாம். பெயர்கள் விளையாட்டு அறையிலுள்ள பழைய பதிவேட்டில் இருக்கின்றன.